ஆன்டிவைரஸ் பட்டியலைப் புதுப்பிக்கும் லைப்ரரி

ஆன்டிவைரஸ் மென்பொருளில் கோப்புகளைச் சோதிப்பது எஞ்சின். எதைத் தேட வேண்டும் என்று அதற்குச் சொல்வது டெஃபினிஷன் எனப்படும் அடையாளப் பட்டியல். எஞ்சின் வாரக்கணக்கில் மாறாமல் இருக்கலாம். பட்டியலோ அன்றாடம் மாறும். புதிய பட்டியலைச் சர்வரிலிருந்து கொண்டுவந்து, சரிபார்த்து, பழையது இருந்த இடத்தில் வைக்கும் வேலைக்கென்றே லைப்ரரி கோப்புகள் உண்டு. விண்டோஸில் இவை டிஎல்எல் கோப்புகள். லினக்ஸில் எஸ்ஓ கோப்புகள். லைப்ரரி தானாக ஓடாது. அப்டேட் நிரலோ பின்னணியில் இயங்கும் சர்வீஸோ அழைத்தால்தான் வேலை செய்யும்.

இந்த வேலையை உள்ளே புகுந்து பார்க்க வசதியானது கிளாம்ஏவி, அதன் மூலநிரல் எவரும் படிக்கும்படி திறந்திருப்பதால். போலந்தைச் சேர்ந்த தோமாஷ் கோய்ம் தொடங்கி 2002-ல் வெளிவந்த இந்த ஆன்டிவைரஸ் இப்போது சிஸ்கோவின் பராமரிப்பில் இருக்கிறது. மெயில் சர்வர்களில் பரவலாக ஓடுகிறது. இதன் அப்டேட் நிரலின் பெயர் ஃப்ரெஷ்கிளாம். 2019-ல் வந்த 0.102 பதிப்பில், அதன் உள்வேலை லிப்ஃப்ரெஷ்கிளாம் என்ற தனி லைப்ரரியாகப் பிரிக்கப்பட்டது.

லைப்ரரி முதலில் பட்டியலைக் கேட்பதில்லை. பட்டியலின் எண்ணைத்தான் கேட்கிறது. இணைய முகவரிகளைத் தேடித்தரும் டிஎன்எஸ் வழியாகவே அந்தக் கேள்வி போகும். பதிலாக வருவது ஒரே ஒரு வரி: முக்காற்புள்ளியால் பிரித்த எண்கள். மென்பொருளின் புதிய பதிப்பு எது, முதன்மைப் பட்டியலின் எண் என்ன, தினசரிப் பட்டியலின் எண் என்ன என்பதெல்லாம் அதிலேயே இருக்கும். கணினியில் உள்ள எண்ணும் அதுவும் ஒன்றாக இருந்தால் வேலை அத்தோடு முடிந்தது.

எண் கூடியிருந்தாலும் பெரும்பாலும் முழுப் பட்டியலும் இறங்காது. இன்னின்ன வரியைச் சேர், இன்னின்னதை நீக்கு என்று சொல்லும் சிடிஃப் என்ற சிறிய கோப்பு மட்டுமே வரும். லைப்ரரி அதைப் பழைய பட்டியலின் மேல் பொருத்திக்கொள்ளும். இந்தச் சிக்கனம் எவ்வளவு அவசியம் என்பது 2021-ல் தெரிந்தது. சாதாரண டவுன்லோட் கருவிகளை வைத்து 100 எம்பிக்கு மேற்பட்ட முழுக் கோப்புகளைத் திரும்பத் திரும்ப இறக்கியவர்களால் சர்வர்களின் சுமை ஏறிப்போய், அத்தகைய கருவிகளையே தடுக்க வேண்டியதாயிற்று.

முழுக் கோப்பு இறங்கும்போது அதன் முதல் 512 பைட் தலைப்பாக இருக்கும். தயாரித்த நேரம், எண், உள்ளே எத்தனை அடையாளங்கள், உள்ளடக்கத்தின் எம்டி5 என்ற சரிபார்ப்பு எண், டிஜிட்டல் கையொப்பம் எல்லாம் அதில் வரிசையாக நிற்கும். கையொப்பம் பொருந்தாவிட்டால் கோப்பு ஏற்கப்படாது. எம்டி5 பலவீனமாகிப் பல காலம் ஆனதால், 2025-ல் வந்த 1.5 பதிப்பு தனிக் கையொப்பக் கோப்பையும் சரிபார்க்கத் தொடங்கியது. அது இன்னும் முன்பே வந்திருக்க வேண்டும்.

இறங்கியது நேராகப் பழையதன் மேல் எழுதப்படாது. தற்காலிக இடத்தில் வைத்து, எஞ்சின் அதைப் படித்துப் பார்க்கும். பிழையில்லாமல் ஏறினால் மட்டுமே பெயர் மாற்றிப் பழையதன் இடத்தில் வைக்கப்படும். பெயர் மாற்றம் ஒரே அடியில் முடிந்துவிடும் என்பதால், நடுவில் கரண்ட் போனாலும் பாதி எழுதிய பட்டியலோடு கணினி நிற்காது. இந்த முழு ஏற்பாட்டிலும் மிக நல்ல யோசனை இதுதான்.

ஆனால் கையொப்பம் யார் அனுப்பினார் என்பதற்குத்தான் சாட்சி. அனுப்பியது சரியா என்பதற்கு அல்ல. 2010 ஏப்ரல் 21-ல் மெக்காஃபி என்ற ஆன்டிவைரஸ் நிறுவனம் வெளியிட்ட 5958 எண் பட்டியல், விண்டோஸ் எக்ஸ்பியின் எஸ்விசிஹோஸ்ட் என்ற அடிப்படைக் கோப்பையே வைரஸ் என்றது. கணினிகள் மறுபடி மறுபடி ரீஸ்டார்ட் ஆயின, நெட்வொர்க்கும் போயிற்று. திருத்திய பட்டியல் தயாராகியும் அதை வாங்கிக்கொள்ளப் பாதிக்கப்பட்ட கணினிக்கு வழியில்லை. 2024 ஜூலை 19-ல் கிரவுட்ஸ்ட்ரைக் என்ற பாதுகாப்பு நிறுவனத்தின் உள்ளடக்கக் கோப்பு ஒன்றில் 21 புலங்கள் எதிர்பார்க்கப்பட்டன, கணினியிலிருந்த மென்பொருள் கொடுத்ததோ 20. சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகள் நீலத்திரையில் நின்றன. கோப்பு ஒன்றரை மணி நேரத்துக்குள் திரும்பப் பெறப்பட்டது. ஏற்கெனவே விழுந்த கணினிகளில் பலவற்றை ஆள் போய்த்தான் எழுப்ப வேண்டியிருந்தது.

எனவே பின்வாங்கும் வழியும் அப்டேட் வேலையில் சேர்த்தி. விண்டோஸ் டிஃபெண்டர் பெரிய அடிப்படைப் பட்டியலையும் சிறிய மாற்றப் பட்டியலையும் தனித்தனி விடிஎம் கோப்புகளாக வைத்திருக்கிறது. முந்தைய தொகுதிக்கு நகலும் உண்டு. எம்பிசிஎம்டிரன் என்ற கருவியில் ஒரு கட்டளை கொடுத்தால் அந்தப் பழைய நகலுக்குத் திரும்பலாம்.

சில கணினிகளில் அப்டேட் டிஎல்எல் காணவில்லை என்ற செய்தி வரும். உடனே அந்தப் பெயரைத் தேடி, ஏதோ ஒரு தளத்திலிருந்து கோப்பை இறக்கி ஃபோல்டரில் போடுகிறார்கள். ஆன்டிவைரஸ் உயர்ந்த அதிகாரத்தோடு இயங்குவது. அது ஏற்றும் லைப்ரரிக்கும் அதே அதிகாரம் கிடைக்கும். யார் தயாரித்ததென்று தெரியாத டிஎல்எல்லுக்கு அதைக் கொடுப்பது வைரஸையே காவலுக்கு வைப்பது போன்றது. கோப்பு காணாமல் போனால், தயாரிப்பாளரின் இன்ஸ்டாலரை இறக்கி மென்பொருளை மறுபடி நிறுவ வேண்டும். விடுபட்ட லைப்ரரி சரியான பதிப்பில், கையொப்பத்தோடு வந்துசேரும்.