பன்றிக்கு வைத்த சுருக்கு

நமது மலைநாட்டில் வேட்டைக்குக் கணக்கு வழக்கே இல்லாத காலம் ஒன்றிருந்தது. நுவரெலியாவில் குடியேறிய சாமுவேல் பேக்கர் துரை, நாய்களை ஏவி மரைகளைத் துரத்திய கதையை 1854இல் நூலாகவே வெளியிட்டார். அத்தகைய வீரத்துக்கு இன்று இடமில்லை. 1937ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின் கீழ், சிறுத்தையைக் கொல்வது குற்றமாகும்.

ஆயினும் சட்டம் வேறு, லயத்துக் காய்கறிப் பாத்தி வேறு. மாதக்கணக்கில் பாடுபட்டு வளர்த்த கிழங்கைக் காட்டுப்பன்றி ஒரே இரவில் கிளறிப் போட்டுவிடுகிறது. துப்பாக்கி வைத்திருக்க அனுமதிப்பத்திரம் வேண்டும். ஏழைத் தொழிலாளிக்கு அது எட்டாக்கனி. பழைய பிரேக் கம்பிக்கோ எவர் அனுமதியும் வேண்டாம். அதை வளைத்துச் சுருக்காக வேலியோரம் கட்டிவிடுகிறார். அவரை மட்டும் வைது என்ன பயன்? வேலி அமைத்துக் கொடுக்க எவரும் முன்வருவதைக் காணோமே!

பன்றிக்கும் சிறுத்தைக்கும் உள்ள பேதம் கம்பிக்குத் தெரியாது. 2020 மே மாதம் நல்லதண்ணிக்கு அருகே, லக்ஷபான தோட்டத்து வாழைமலைப் பிரிவில் சுருக்கில் சிக்கியது கருஞ்சிறுத்தை. காண்பதற்கு மிக அரியது. வனசீவராசிகள் திணைக்களத்தினர் அதனை மீட்டு, சிகிச்சைக்காக உடவளவைக்குக் கொண்டுசென்றனர். கழுத்தில் கம்பி அறுத்த காயம். சில தினங்களில், 29ஆம் திகதி, அது இறந்துபோயிற்று.