சூடானால் நிற்கும் வண்டி

பதினைந்து, இருபது வயதைக் கடந்துவிட்ட பெட்ரோல் கார்களை இன்னும் பிரியத்தோடு வைத்து ஓட்டுகிறவர்களுக்கு நேரும் சங்கடங்களுள் மிகவும் விசித்திரமானது ஒன்று உண்டு. காலையில் வாசலில் சாவியைத் திருப்பிய மாத்திரத்தில் உயிர் பெற்று, ஊர் எல்லையைத் தாண்டுகிற வரையில் ஒரு குறையும் காட்டாமல் ஓடிய வண்டி, சித்திரை மாதத்து நடுப்பகலில், பரனூர்ச் சுங்கச்சாவடி போன்ற ஓரிடத்தில் வரிசையோடு வரிசையாக ஊர்ந்துகொண்டிருக்கும்போது, திணறாமல், குலுங்காமல், முன்னறிகுறி ஒன்றும் இல்லாமல் சட்டென்று அணைந்துபோகிறது. செல்ஃப் அடித்தால் என்ஜின் நன்றாகச் சுற்றுகிறது. பாட்டரியில் பலம் இருக்கிறது. டாங்கில் பெட்ரோலும் இருக்கிறது. ஆனால் பற்றிக்கொள்ள மாட்டேன் என்கிறது. பானெட்டைத் திறந்துவைத்துவிட்டு, கிடைத்த நிழலில் அரை மணி நேரம் ஒதுங்கியிருந்து, மறுபடியும் சாவியைத் திருப்பினால் முதல் சுற்றிலேயே ஸ்டார்ட் ஆகிவிடுகிறது. மெக்கானிக்கிடம் கொண்டுபோய் நிறுத்தினாலோ, அங்கே என்ஜின் ஆறிக் கிடக்கிறபடியால் எந்தக் குறையும் தென்படுவதில்லை.

இந்த விபரீதத்துக்குக் காரணமாக இருக்கக்கூடியவை பல. பெட்ரோல் பம்பு உஷ்ணத்தில் ஓய்ந்துபோகலாம். இக்னிஷன் காயில் தளர்ந்திருக்கலாம். மெயின் ரிலேக்குள் ஈயப்பற்று விரிசல் கண்டிருக்கலாம். ஆயினும், சூடானால் நிற்பதும் ஆறினால் ஓடுவதுமாகிய இந்த லட்சணத்தைக் கேட்டவுடன், தொழிலில் தேர்ந்த மெக்கானிக் முதலில் சந்தேகிப்பது பெருவிரல் பருமனே உள்ள கிராங்க் சென்ஸாரைத்தான். அந்தச் சந்தேகம் நியாயமானதே. ஆனால் சந்தேகம் வேறு, நிர்ணயம் வேறு. ஊகத்தின் பேரில் ஒரு பாகத்தை மாற்றி, அதனால் குணமாகாதபோது இன்னொன்றை மாற்றி, இப்படியே பிளக், காயில், பம்பு என்று பணத்தைக் கொட்டிக்கொண்டு போகும் வழக்கம் நம் பட்டறைகள் பலவற்றில் வேரூன்றிவிட்டது. பழைய வண்டிகள் பல, காலத்துக்கு முன்னரே காயலான் கடைக்குப் போய்ச் சேர்வதற்கு இந்த அவசரமும் ஒரு காரணம் என்பது என் திடமான அபிப்பிராயம்.

இந்தச் சென்ஸார் செய்கிற காரியம் இன்னது என்று விளங்கினால், அதைப் பரீட்சிக்கும் வழியும் தானே விளங்கும். பெட்ரோல் என்ஜினுக்குப் பொறி கிடைத்தால் மட்டும் போதாது. தக்க கணத்தில் கிடைத்தாக வேண்டும். பிஸ்டன் மேலேறிக் காற்றும் பெட்ரோலும் கலந்த கலவையை அழுத்தி உச்சியை அடைவதற்குச் சில பாகைகள் முன்னதாகவே பொறி விழ வேண்டும். நிமிஷத்துக்கு 3,000 சுற்றுச் சுழலும் நாலு சிலிண்டர் என்ஜினில் விநாடிக்கு 100 பொறிகள் தேவை. என்ஜினின் சுழல் தண்டாகிய கிராங்க் ஒரு பாகை திரும்ப எடுத்துக்கொள்ளும் காலமோ விநாடியில் 18,000-இல் ஒரு பங்குதான்.

அம்பாஸடரும், பியட்டும், சென்னையிலேயே தயாரான ஸ்டாண்டர்டு ஹெரால்டும் சாலைகளை ஆண்ட நாட்களில், இந்தக் கணத்தைக் குறித்துக் கொடுத்தது டிஸ்ட்ரிப்யூட்டருக்குள் இருந்த பாயிண்ட். சார்ல்ஸ் கெட்டரிங் என்ற அமெரிக்கர் 1910-ஐ ஒட்டிய ஆண்டுகளில் வகுத்தளித்த ஏற்பாடு அது. உள்ளே சுழலும் காம் பாயிண்டைத் திறக்கும்போதெல்லாம் காயிலில் ஓடிய மின்சாரம் அறுபட, அதன் விளைவாகப் பல்லாயிரம் வோல்ட் எழுந்து பிளக்கில் பொறியாகத் தெறிக்கும். அந்தப் பாயிண்டின் இடைவெளி அரை மில்லிமீட்டருக்கும் குறைவானது. அது கருகினால் உப்புத்தாளால் தேய்த்து, பீலர் கேஜ் வைத்துச் சரிபார்த்து, சாலையோரத்திலேயே வண்டியைக் கிளப்பிவிடும் சாமர்த்தியம் அக்காலத்து டிரைவர்கள் எல்லோருக்கும் இருந்தது. குறை கண்ணுக்குத் தெரிந்தது என்பதுதான் அந்த யந்திரத்தின் பெரிய விசேஷம்.

1998-இல் இருங்காட்டுக்கோட்டையில் உற்பத்தியாகத் தொடங்கிய சாண்ட்ரோ போன்ற வண்டிகளோடும், 2000-ஆம் ஆண்டை ஒட்டிப் புகை விதிகள் இறுகியதோடும், கார்புரேட்டர் மறைந்து, கம்ப்யூட்டரின் மேற்பார்வையில் பெட்ரோலைப் பீய்ச்சும் முறை இங்கே பரவியது. பாயிண்ட் இருந்த ஸ்தானத்தை, எதையும் தொடாமலே அறிகிற சென்ஸார் பிடித்துக்கொண்டது. அதில் இரண்டு ஜாதி உண்டு. ஒன்று, 1831-இல் பாரடே கண்டறிந்த மின் தூண்டலை ஆதாரமாகக் கொண்டது: ஒரு காந்தமும், அதைச் சுற்றித் தலைமுடியிலும் மெல்லிய செப்புக் கம்பியால் ஆயிரக்கணக்கில் சுற்றப்பட்ட சுருளுமே அதன் சரீரம்; எதிரே இரும்புப் பற்கள் கடந்து செல்லும்போதெல்லாம் அந்தச் சுருளில் மின் அலை எழுகிறது. மற்றொன்று, 1879-இல் எட்வின் ஹால் என்ற மாணவர் மெல்லிய தங்கத் தகட்டில் மின்சாரத்தை ஓடவிட்டு, அதன்மேல் காந்த சக்தியைச் செலுத்திக் கண்ட விளைவைப் பயன்படுத்துவது. அது வெளியிலிருந்து மின்சாரம் பெற்று, உண்டு அல்லது இல்லை என்று திட்டமாகச் சொல்லும். சில வண்டிகளில் இந்த இரண்டாம் ஜாதி டிஸ்ட்ரிப்யூட்டருக்குள்ளேயே குடியிருக்கிறது.

கிராங்கோடு சுழலும் பற்சக்கரத்தில் பரவலாக வழங்கும் ஓர் அமைப்பில், 60 பற்களுக்கு இடம் வகுத்து இரண்டை மட்டும் இல்லாமல் விட்டுவிடுகிறார்கள். பல்லுக்குப் பல் ஆறு பாகை. தாளம் போடுகிறவர் இடையில் எத்தனை சொற்கள் ஓடினாலும் சமம் விழுகிற இடத்தைக் கொண்டு ஆவர்த்தனத்தின் தொடக்கத்தை அறிகிறாரே, அதுபோலக் கம்ப்யூட்டர் அந்தப் பல்லில்லாத வெற்றிடத்தைக் கொண்டு கிராங்க் இன்ன நிலையில் நிற்கிறது என்று கணிக்கிறது. பொறியை விடுவதும் பெட்ரோலைப் பீய்ச்சுவதும் அந்தக் கணக்கின்படிதான்.

உஷ்ணம் ஏன் இதைக் கெடுக்கிறது? சென்ஸார் பெரும்பாலும் பொருந்தியிருக்கும் இடம் என்ஜினின் உடம்பு அல்லது கியர்பாக்ஸின் வாய். ஆண்டுக்கணக்கில் சூடாகி ஆறி, சூடாகி ஆறி, முதல் ஜாதிச் சென்ஸாரின் அந்த மெல்லிய செப்புக் கம்பி ஓரிடத்தில் மயிரிழையாக விண்டுபோகிறது. குளிர்ந்த நிலையில் விண்ட முனைகள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கும். சூடேறிச் சுற்றியுள்ள பிளாஸ்டிக் விரியும்போது பிரிந்துவிடும். ஓடுகிற வண்டிக்குக் காற்றோட்டம் உண்டு. நெரிசலில் ஊரும் வண்டிக்கு அது இல்லை. ஆகையால்தான் நெடுஞ்சாலையில் நூறு கிலோமீட்டர் ஓடிய வண்டி சுங்கச்சாவடியில் வந்து படுக்கிறது.

இங்கே அநேகரை ஏமாற்றுகிற ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். கிராங்க் சுழல்கிறது என்ற செய்தி வராதபோது, பெரும்பாலான வண்டிகளில் கம்ப்யூட்டர் பொறியை மட்டுமல்ல, பெட்ரோல் பம்பையும் நிறுத்திவிடுகிறது; விபத்தில் என்ஜின் நின்றபின் பெட்ரோல் கொட்டிக்கொண்டே இருக்கலாகாது என்பதற்காகச் செய்த பாதுகாப்பு அது. ஆதலால் பம்பு ஓடவில்லை என்று கண்ட மெக்கானிக், குற்றமற்ற பம்பைக் கழற்றிப் போடுகிறார். இன்னொரு பக்கம், ஸ்கேனர் போட்டுப் பார்த்தால் குறை ஒன்றும் பதிவாகாமல் இருப்பதும் உண்டு. ஏனெனில் சமிக்ஞையே வராதபோது, என்ஜின் சுழலாமல் சும்மா நிற்கிறது என்றே கம்ப்யூட்டர் கருதிவிடக்கூடும். பி 0335 என்ற குறியீடு வந்தால் நல்ல துப்பு. வராததனால் சென்ஸார் நல்லது என்று ஆகிவிடாது. அந்தக் குறியீடும் சென்ஸாரை மட்டும் சுட்டுவதன்று, அதன் வயர், கப்ளர் எல்லாவற்றையும் சேர்த்தே சுட்டுகிறது.

ஆகவே பரீட்சை என்பது வண்டி நின்றுபோன அந்த நேரத்திலேயே, அது சூடாக இருக்கும்போதே நடந்தாக வேண்டும். நான் இந்தக் கட்டுரையில் வற்புறுத்த விரும்புவது முக்கியமாக இதுதான். முதலில் ஒருவர் செல்ஃப் அடிக்க, மற்றவர் ஆர்.பி.எம். மீட்டரின் முள்ளைக் கவனிக்கட்டும். பல வண்டிகளில் சென்ஸார் நல்ல நிலையில் இருந்தால் முள் சற்றே எழும்பி ஆடும், செத்திருந்தால் பூஜ்யத்திலேயே கிடக்கும். அடுத்து, பெட்ரோல் கசிவும் வாடையும் இல்லை என்று நிச்சயப்படுத்திக்கொண்டு, உபரியான ஒரு பிளக்கை வயரில் மாட்டி, அதன் இரும்புப் பாகம் என்ஜினை நன்றாகத் தொடும்படி வைத்து, பொறி வருகிறதா என்று பார்க்க வேண்டும். வயரைக் கையில் பிடிப்பது பேராபத்து. 20,000 வோல்ட்டுக்கும் மேற்பட்ட மின்சாரம் அதில் பாயும். பொறி வந்தும் வண்டி பற்றவில்லையென்றால் சந்தேகம் பெட்ரோல் பக்கம் திரும்பட்டும். பொறியும் இல்லை, பெட்ரோலும் பீய்ச்சவில்லை, முள்ளும் அசையவில்லை என்றால், மெயின் ரிலேயும் பியூஸும் சரியாக இருக்கும் பட்சத்தில், சென்ஸாரின் மீது பழி ஏறக்குறைய உறுதியாகிறது.

அதை முழுமையாக உறுதி செய்ய எளிய உபாயம் ஒன்று இருக்கிறது. கைக்கு எட்டும் இடத்தில் சென்ஸார் இருந்தால், சாவியை அணைத்துவிட்டு, நனைத்துப் பிழிந்த துணியை அதன்மேல் மட்டும் சில நிமிஷம் ஒற்றிவைக்க வேண்டும். என்ஜின் முழுவதும் சூடாகவே இருக்க, சென்ஸார் மட்டும் குளிர்ந்த மாத்திரத்தில் வண்டி ஸ்டார்ட் ஆனால், இதைவிடத் தெளிவான சாட்சியம் வேறு வேண்டுவதில்லை. சூடான என்ஜின்மேல் தண்ணீரை வாரிக் கொட்டுவது மட்டும் கூடவே கூடாது. வார்ப்பு விரிசல் கண்டுவிடும்.

மல்டிமீட்டர் உள்ளவர்கள் இதை எண்ணாகவும் காணலாம். முதல் ஜாதிச் சென்ஸாரின் தடை சாதாரணமாகச் சில நூறு ஓமிலிருந்து ஆயிரத்தை ஒட்டியிருக்கும்; சரியான எண் வண்டிக்கு வண்டி மாறுமாகையால் அந்தந்த வண்டியின் சர்வீஸ் மானுவலைப் பார்த்துக்கொள்ள வேண்டும். செம்பின் தடை ஒரு டிகிரி உஷ்ணம் ஏறினால் நூற்றில் 0.39 பங்கு கூடுவது இயற்கை. 30 டிகிரியில் 600 ஓம் காட்டிய நல்ல சுருள், 100 டிகிரியில் ஏறக்குறைய 760 ஓம் காட்டும். அதைக் கண்டு பயப்பட வேண்டியதில்லை. சூட்டில் பல்லாயிரமாகத் தாவினாலோ, முற்றிலும் அறுந்துபோனாலோ அது கெட்டது. ஹால் ஜாதிக்கு இந்த ஓம் பரீட்சை பயன்படாது. தடையை அளந்து அது நல்லதென்றோ கெட்டதென்றோ சொல்ல முடியாது. அதற்கு மின்சாரம் வந்து சேர்கிறதா, எர்த் சரியா, சுழற்றும்போது சமிக்ஞை மாறி மாறி வருகிறதா என்றே பார்க்க வேண்டும்.

சென்ஸாரைக் கண்டிப்பதற்கு முன் கப்ளரையும் ஒருமுறை கழற்றிப் பார்ப்பது அவசியம். பழைய வண்டிகளில் அதன் பூட்டு நாக்கு உஷ்ணத்தால் பொடிந்து, தொட்டவுடன் ஒடியும். உள்ளே பின்கள் பச்சை பூத்திருக்கும். சைலன்ஸர் பைப்பின் அருகே போகும் வயரின் உறை வெந்து கம்பி வெளியே தெரியும். இவற்றுள் ஒன்று காரணமாக இருந்தால், புதுச் சென்ஸார் வாங்கியும் பயன் இல்லை.

மாற்றும் வேலை, கைக்கு எட்டுகிற வண்டிகளில், கடினமானதன்று. என்ஜினை ஆறவிட்டு, பாட்டரியின் நெகடிவ் முனையைக் கழற்றிவிட்டு, கப்ளரை விடுவித்து, பெரும்பாலும் பத்தாம் நம்பர் ஸ்பேனருக்கு அடங்குகிற ஒரே போல்டைத் திருகி எடுத்தால் சென்ஸார் வெளிவர வேண்டும். வண்டிக்கு அடியில் போக நேர்ந்தால் ஜாக்கியை மட்டும் நம்பாமல் ஸ்டாண்டு கொடுத்துக்கொள்ளுங்கள். அலுமினியத்தில் இறுகிப்போய் வர மறுக்குமாயின், துரு இளக்கும் எண்ணெயை விட்டுச் சிறிது நேரம் ஊறவைத்து, இடமும் வலமுமாக மெல்லத் திருகித் திருகி எடுக்க வேண்டும். அடித்துப் பெயர்த்தால் முனை உள்ளேயே முறிந்துபோகும், பிறகு கியர்பாக்ஸையே இறக்கும்படி ஆகலாம். கழற்றிய சென்ஸாரின் காந்த முனையில் கறுத்த இரும்புத்தூள் தாடிபோல் ஒட்டியிருப்பதைக் காணலாம். சில வேளைகளில் அந்தத் தூளே சமிக்ஞையைக் கலைத்திருக்கும். அதைத் துடைத்து மாட்டிய மாத்திரத்தில் குணமான வண்டிகளும் உண்டு என்பதால், தூக்கி எறிவதற்கு முன் துடைத்துப் பாருங்கள்.

புதியதை வாங்கும்போது பழையதைக் கையோடு கொண்டுபோய், நீளத்தையும் கப்ளரின் அமைப்பையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட வேண்டும். பற்களுக்கும் முனைக்கும் நடுவே இருக்க வேண்டிய இடைவெளி சுமார் ஒரு மில்லிமீட்டர்தான். போலிச் சரக்கு அரை மில்லிமீட்டர் குட்டையாக இருந்தாலும் வண்டி செல்ஃபுக்கு மசியாமல் போகலாம். சென்னைப் புதுப்பேட்டையின் பழைய உதிரிபாகக் கடைகளில் கழற்றிப் போட்ட பழைய கதவுக்கும் கண்ணாடிக்கும் நான் விரோதியல்ல; ஆனால் அதே வயதுள்ள, அதே உஷ்ணத்தைத் தின்ற பழைய சென்ஸாரை விலை குறைவென்று வாங்குவது வீண் செலவு. பொருத்தும்போது உட்காரும் இடத்தைச் சுத்தமாகத் துடைத்து, ரப்பர் வளையத்தில் ஒரு துளி என்ஜின் ஆயில் தடவி, விரலால் அழுத்தி முழுவதும் உட்காரவைத்த பின்பே போல்டை அளவாக இறுக்க வேண்டும். போல்டின் பலத்தால் உள்ளே இழுத்தால் காது முறியும். வயரைப் பழைய கிளிப்புகளிலேயே மாட்டி, சைலன்ஸர் பைப்பிலிருந்தும் பெல்டிலிருந்தும் விலக்கிவையுங்கள். சில வண்டிகளில் ஸ்கேனர் கொண்டு புதிய சென்ஸாரைக் கம்ப்யூட்டருக்கு அறிமுகப்படுத்தவும் வேண்டியிருக்கும்.

வேலை முடிந்ததும் வண்டி ஸ்டார்ட் ஆனது கண்டு திருப்தியடைந்து பணத்தைக் கொடுத்துவிடாதீர்கள். ஆறின வண்டி பழைய சென்ஸாரோடும் ஸ்டார்ட் ஆகத்தான் செய்தது. ரேடியேட்டர் விசிறி இரண்டு மூன்று தடவை சுழன்று ஓயும் வரையில் நின்ற இடத்திலேயே என்ஜினை ஓடவிட்டு, அணைத்து, கால் மணி நேரம் பானெட்டை மூடிவைத்து, அந்த வெக்கையிலேயே மறுபடியும் ஸ்டார்ட் செய்து காட்டும்படி உங்கள் மெக்கானிக்கைக் கேளுங்கள்.