வளரும் முகத்துக்கு ஒரு கடப்பிதழ்

பிறந்த குழந்தையின் மண்டையோட்டில் மூளையைக் காக்கும் பகுதி எட்டுப் பங்கு என்றால் முகம் ஒரே ஒரு பங்குதான். வளர்ந்தவர்களிடம் இது இரண்டுக்கு ஒன்று என்று ஆகிவிடுகிறது. பரந்த நெற்றி, கன்னத்துக்குள் புதைந்த மூக்கு, இருக்கிறதா என்று தேட வேண்டிய தாடை. எந்தக் கைக்குழந்தையைப் பார்த்தாலும் இன்னொரு கைக்குழந்தையின் ஞாபகம் வருவது இதனால்தான். மூளை முந்திக்கொண்டு வளர்கிறது. ஆறு வயதுக்குள் முழு அளவில் ஏறக்குறைய 90 விழுக்காட்டை எட்டிவிடும். முகம் நிதானமாகப் பின்தொடர்கிறது. பால்பல் விழுந்து நிலைப்பல் முளைக்க முளைக்கத் தாடைகள் கீழும் முன்னுமாக நீள்கின்றன, மூக்குத்தண்டு எழும்புகிறது, கன்னத்துச் சதை இறங்குகிறது. இந்த மாற்றத்துக்கு நடுவே ஒரு நொடியைப் பிடித்து, 35 மில்லிமீட்டர் அகலமும் 45 மில்லிமீட்டர் உயரமும் உள்ள படத்தில் அடைத்து, 'இந்தப் பிள்ளை இவர்தான்' என்று உலகத்துக்குச் சொல்ல வேண்டிய பொறுப்பு கடப்பிதழுக்கு.

சிங்கப்பூரில் ஜூன், டிசம்பர் பள்ளி விடுமுறைகளில் உல்லாசக் கப்பல்கள் நிரம்பி வழியும். பினாங்கு, போர்ட் கிளாங், புக்கெட் என்று மூன்று நான்கு இரவுகள் சுற்றிவிட்டு மரினா பே முனையத்துக்கே திரும்பும் பயணங்கள் அவை. கிளம்பிய இடத்துக்கே திரும்புகிற கப்பலுக்குக் கைக்குழந்தையின் பிறப்புச் சான்றிதழ் போதாதா என்று கேட்கும் பெற்றோர்கள் உண்டு. கேள்வி நியாயமானது. அமெரிக்காவில் போதும். ஒரே துறைமுகத்தில் தொடங்கி அங்கேயே முடியும் கரீபியன் பயணம் போன்றவற்றுக்கு, 16 வயதுக்குட்பட்ட அமெரிக்கக் குடிமக்கள் பிறப்புச் சான்றிதழோடு போய்வரலாம். இங்கே அந்தச் சலுகை கிடையாது. சிங்கப்பூரின் கடல் எல்லை அவ்வளவு சிறியது. கப்பல் போய் நிற்கிற துறைமுகம் ஒவ்வொன்றும் இன்னொரு நாடு. ஆகவே, இன்னும் தவழாத பிள்ளைக்கும் தனிக் கடப்பிதழ் வேண்டும்.

நம் தாத்தா பாட்டி காலத்தில் அப்படி இல்லை. 1926-இல் கட்டப்பட்ட 'ரஜூலா' கப்பல் 1970-களின் தொடக்கம் வரை மதராஸுக்கும் நாகப்பட்டினத்துக்கும் பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் இடையே தமிழ்க் குடும்பங்களை ஏற்றி இறக்கியது. பலரும் மேல்தளத்தில் பாய் விரித்துப் படுத்து வந்தவர்கள். அந்தக் கால இந்தியக் கடப்பிதழில் மனைவியின் பெயருக்கு ஓர் இடமும் பிள்ளைகளின் பெயர், பிறந்த தேதிக்கு ஓர் இடமும் உண்டு. பிள்ளை தாயின் கடப்பிதழில் ஒரு வரியாக வந்தது. அந்த வரியைவிட அதிகாரிகள் கவலைப்பட்டது அம்மை ஊசிச் சான்றிதழைப் பற்றித்தான். கப்பலில் யாருக்காவது தொற்று என்று சந்தேகம் வந்தால், செயின்ட் ஜான்ஸ் தீவில் தனிமைப்படுத்துவார்கள். பெரியம்மை ஒழிந்துவிட்டதாக 1980-இல் உலகச் சுகாதார நிறுவனம் அறிவித்த பிறகு அந்தத் தாளுக்கு வேலை இல்லாமல் போனது.

தாயின் கடப்பிதழில் எழுதப்பட்ட வரிக்கு முகம் கிடையாது. ஐந்து வயதுப் பெண் என்று எழுதியிருந்தால், எந்த ஐந்து வயதுப் பெண்ணும் அந்த வரிக்குள் பொருந்திவிடலாம். பிள்ளை கடத்தலைத் தடுக்க நினைத்தவர்களுக்கு இது பெரிய ஓட்டையாகப் பட்டது. அனைத்துலக சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு, ஆளுக்கு ஒரு கடப்பிதழ் என்பதை விதியாக்கியது. ஐரோப்பிய ஒன்றியத்தில் பெற்றோர் கடப்பிதழில் சேர்த்து எழுதும் வழக்கம் 2012 ஜூன் 26-ஆம் தேதியோடு முடிவுக்கு வந்தது.

முகம் தேவை என்றானதும் படமெடுக்கிற வேலை வருகிறது. கைக்குழந்தைக்குக் கழுத்து நிற்கவே மூன்று நான்கு மாதம் ஆகும். லிட்டில் இந்தியாவில் சிராங்கூன் ரோட்டை ஒட்டிய சந்துகளில் இருக்கும் படக்கடைகளில், பிள்ளையை வெள்ளைத் துணியில் மல்லாக்கப் படுக்கவைத்து மேலிருந்து எடுப்பார்கள். வாயில் சூப்பான் இருக்கக்கூடாது, பிடித்திருக்கும் கை படத்தில் விழக்கூடாது, கண் திறந்திருக்க வேண்டும், தலை சாயக்கூடாது. படம் பிடிப்பவருக்குப் பின்னால் அப்பா சாவிக்கொத்தை ஆட்டிக்கொண்டிருப்பார். கன்னத்தில் இட்ட திருஷ்டிப் பொட்டைத் துடைக்கச் சொன்னால் பாட்டிக்கு மனசு வராது. ஆனாலும் துடைத்துத்தான் ஆக வேண்டும். முகத்தை ஒப்பிடும் மென்பொருள் முதலில் கண்மணிகளைத் தேடி, அவற்றை வைத்து முகத்தை நேராக்கி, பிறகு முழு முகத்தையும் ஓர் எண்வரிசையாக மாற்றுகிறது. சோதனைச் சாவடிக் கேமரா எடுக்கும் படத்தையும் அப்படியே எண்ணாக்கி, இரண்டுக்கும் உள்ள தூரத்தைக் கணக்கிடுகிறது. தூரம் வரம்புக்குள் இருந்தால் இருவரும் ஒருவரே.

இந்தக் கணக்கு பிள்ளைகளிடம் இரண்டு பக்கமும் இடறுகிறது. சின்ன முகங்கள் ஒன்றையொன்று ஒத்திருப்பதால் வேறு பிள்ளையை இதே பிள்ளை என்று சொல்லிவிடலாம். அமெரிக்கத் தேசியத் தரநிலை, தொழில்நுட்பக் கழகம் 2019-இல் வெளியிட்ட பெரிய ஆய்வில் பிள்ளைகளிடமும் முதியவர்களிடமும் இந்த வகைப் பிழை கூடுதலாகத் தெரிந்தது. மறுபக்கம், முகம் வளர்ந்துகொண்டே போவதால் அதே பிள்ளையை வேறு பிள்ளை என்றும் சொல்லலாம். சிங்கப்பூரில் 2021 அக்டோபர் முதல் 16 வயதைத் தாண்டியவர்களுக்குப் பத்தாண்டுக் கடப்பிதழ் கிடைக்கிறது; அதற்குக் கீழே உள்ளவர்களுக்கு இன்னும் ஐந்தாண்டுதான். ஆறு மாதத்தில் எடுத்த படத்தோடு ஒரு பிள்ளை ஐந்து வயதில் பயணம் போவதை நினைத்துப் பார்த்தால், அந்த ஐந்து தாராளமான எண்ணாகவே எனக்குத் தோன்றுகிறது. பெற்றோர் மறந்துபோவது இன்னொன்று. கப்பல் நிறுவனங்களும் நாடுகளும் பொதுவாக ஆறு மாதம் செல்லுபடி மிச்சம் இருக்கச் சொல்வதால், ஐந்தாண்டுக் கடப்பிதழ் நடைமுறையில் நாலரை ஆண்டுதான் உதவும். பெரியவர்களின் பத்தாண்டை மனத்தில் வைத்துக்கொண்டு பிள்ளையுடையதைத் திறந்து பார்க்காமலே இருந்துவிடுகிறோம்.

முகம் இப்படி மாறுகிறதே, மாறாத ஒன்றைப் பிடிக்கலாமே என்றால், அது விரல்நுனியில் இருக்கிறது. கருவின் பத்தாவது வாரத்தையொட்டி உருவாகத் தொடங்கும் ரேகை, ஆறாம் மாதத்துக்குள் அமைந்துவிடுகிறது. தாயின் வயிற்றில் அமைந்த சுழி, பிள்ளை கிழவனாகும் வரை அதே சுழிதான். சிக்கல் அளவில் இருக்கிறது. பெரியவர்களின் ரேகை வரிகளுக்கு இடையே சுமார் அரை மில்லிமீட்டர் இடைவெளி. கைக்குழந்தையிடம் அதில் ஏறக்குறைய பாதி. வழக்கமான கருவி ஓர் அங்குலத்துக்கு 500 புள்ளிகள்தான் படிக்கும். அதில் குழந்தையின் ரேகைகள் ஒன்றோடொன்று குழைந்துபோகும். மிச்சிகன் ஸ்டேட் பல்கலைக்கழகத்தின் அனில் ஜெயின் தம் குழுவினருடன் ஆக்ராவின் தயால்பாக் பகுதி மருத்துவமனையில் ஐந்து வயதுக்குட்பட்ட 309 பிள்ளைகளின் ரேகையை, 1,270 புள்ளிகள் படிக்கும் தனிக்கருவியால் எடுத்தார். ஆறு மாதப் பிள்ளையைக்கூட விரலை வைத்து நம்பகமாக அடையாளம் காணலாம் என்று 2017-இல் வெளியான அந்த ஆய்வு காட்டியது.

ஆய்வுக்கூடத்தில் முடிவது எல்லைச் சாவடியில் முடிய வேண்டுமே. வாயிலிருந்து எடுத்த ஈரமான விரல், மூடிய முட்டி, அழுகை, பின்னால் நீளும் வரிசை. 2016 முதல் சிங்கப்பூருக்குள் வருவோரிடம் கட்டைவிரல் ரேகை எடுக்கிறார்கள். ஆறு வயது நிரம்பியவர்களிடம் மட்டும். சிங்கப்பூர்ப் பிள்ளைகள் தானியக்கத் தடத்தைப் பயன்படுத்துவதும் ஆறு வயதிலிருந்துதான். இந்தியாவின் ஆதாரில் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளையிடம் ரேகையும் எடுப்பதில்லை, கருவிழிப் பதிவும் எடுப்பதில்லை. ஐந்திலும் பதினைந்திலும் எடுக்கிறார்கள். சிங்கப்பூரிலும் அடையாள அட்டைக்குப் பதிவு செய்வது பதினைந்தில். இரண்டு அரசாங்கங்கள் தனித்தனியே யோசித்து ஏறக்குறைய ஒரே வயதுகளில் வந்து நிற்கின்றன. பிள்ளையின் உடல் வளரும் வேகமே இந்த விதிகளை எழுதியிருக்கிறது என்று நினைக்கிறேன்.

கடப்பிதழின் விவரப் பக்கத்தின் அடியில் இரண்டு வரி, வரிக்கு 44 எழுத்து. அம்புத்தலை போன்ற குறிகள் நிறைந்து, மனிதர் படிப்பதற்கல்ல என்பதுபோல் தோன்றும். படித்துப் பாருங்கள், அழகான கணக்கு ஒன்று அதற்குள் இருக்கிறது. பிறந்த தேதியை ஆறு இலக்கமாக எழுதி, ஏழாவதாக ஒரு சோதனை இலக்கத்தைச் சேர்த்திருப்பார்கள். 2018 செப்டம்பர் 12 என்றால் 180912. இலக்கங்களை வரிசையாக 7, 3, 1, 7, 3, 1 ஆகியவற்றால் பெருக்கிக் கூட்டுங்கள்: 7, 24, 0, 63, 3, 2, மொத்தம் 99. கடைசி இலக்கம் 9, அதுதான் சோதனை இலக்கம். தட்டச்சு செய்பவர் கை தவறி 12-ஐ 21 என்று அடித்தால் கூட்டுத்தொகை 101 ஆகும், இலக்கம் 1 என்று வரும். கருவி உடனே மறுத்துவிடும். ஓர் இலக்கம் தவறினால் எப்போதும் மாட்டிக்கொள்ளும். பக்கத்துப் பக்கத்து இலக்கங்கள் இடம் மாறினாலும் மாட்டும், அவற்றுக்கிடையே வித்தியாசம் சரியாக 5 ஆக இருந்தாலொழிய. கடப்பிதழ் எண், பிறந்த தேதி, காலாவதித் தேதி ஆகிய மூன்றும் இந்தச் சோதனை இலக்கங்களோடு சேர்ந்து, உள்ளே பதித்த சில்லைத் திறக்கும் சாவியாகவும் பயன்படுகின்றன. சிங்கப்பூர்க் கடப்பிதழில் 2006 ஆகஸ்டிலிருந்து அந்தச் சில்லு இருக்கிறது. யாரோ பக்கத்தைத் திறந்து காட்டினால்தான் அதற்குள் இருக்கும் முகம் வெளியே வரும்.

முதல் வரியில் பெயருக்கு 39 இடம். அங்கே ஆங்கில எழுத்துகளுக்கும் அம்புத்தலைக் குறிக்கும் மட்டுமே அனுமதி. 'எஸ்/ஓ', 'டி/ஓ' என்று சிங்கப்பூர்த் தமிழர் பெயரிலும், 'ஏ/எல்', 'ஏ/பி' என்று மலேசியத் தமிழர் பெயரிலும் வரும் சாய்கோட்டுக்கு அந்த வரியில் இடமே இல்லை. கப்பல் பயணத்தைப் பதிவு செய்யும் பக்கமோ குடும்பப் பெயரைத் தனியே கேட்கும். குடும்பப் பெயர் என்ற ஒன்று நமக்கு ஏது? ராமன் மகன் முருகன் அப்பா, செல்வம் மகள் கவிதா அம்மா, முருகன் மகன் ஆனந்த் பிள்ளை என்று ஒரு குடும்பத்தை வைத்துக்கொள்வோம். அம்மாவும் பிள்ளையும் மட்டும் பயணம் போனால், இரண்டு கடப்பிதழ்களிலும் பொதுவான சொல் ஒன்றுகூடக் கிடையாது. பெற்றவள் யார் என்று பிள்ளையின் சிங்கப்பூர்க் கடப்பிதழ் எங்குமே சொல்வதில்லை.

அதைச் சொல்லும் ஒரே தாள் பிறப்புச் சான்றிதழ். 2022 மே 29 முதல் இங்கே அது மின்னிலக்க வடிவில் வருகிறது. ஆனாலும் ஓர் அச்சுப்படி கைப்பையில் இருப்பது நல்லது. துறைமுகத்தில் கைப்பேசி உயிரோடு இருக்கும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. தாத்தா பாட்டியோடு பிள்ளையை அனுப்பினால் பெற்றோரின் ஒப்புதல் கடிதத்தைக் கப்பல் நிறுவனங்கள் கேட்பது சாதாரணம். இதைச் சந்தேகம் என்று எடுத்துக்கொள்ளத் தேவையில்லை. பெற்றோரில் ஒருவரே பிள்ளையை எல்லை கடத்திக்கொண்டு போய்விடும் வழக்குகளுக்காக 1980-இல் ஹேக் நகரில் ஓர் உடன்படிக்கையே உருவானது, சிங்கப்பூரில் அது 2011 முதல் நடைமுறையில் இருக்கிறது. நிரந்தரவாசிக் குடும்பங்கள் பிள்ளையின் மறுநுழைவு அனுமதி காலாவதியாகவில்லை என்பதையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கப்பலுக்கு இந்த விவரங்கள் தேவைப்படுவதற்கு எல்லையைத் தவிர இன்னொரு காரணமும் உண்டு. கடலில் உயிர்ப் பாதுகாப்புக்கான அனைத்துலக உடன்படிக்கையின்படி, புறப்படுமுன் கப்பலில் இருப்போர் எண்ணப்பட வேண்டும். பெரியவர், சிறுவர், கைக்குழந்தை என்று பிரித்தும் பதிவாக வேண்டும். 24 மணி நேரமோ அதற்கு மேலோ நீளும் பயணத்தில் ஒவ்வொரு கைக்குழந்தைக்கும் அதற்கேற்ற உயிர்காப்பு உடுப்பு இருந்தே தீர வேண்டும். அங்கே வயது கணக்கில் வராது. 15 கிலோவுக்குக் கீழே கைக்குழந்தை, 15 முதல் 43 கிலோவுக்குள் சிறுவர். ஒரே பிள்ளையைச் சாவடி முகத்தாலும் கடல் எடையாலும் அளக்கிறது. பதிவு செய்யும்போது பிள்ளையின் விவரங்களை ஏனோதானோ என்று நிரப்புகிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பதறுவது இதனால்தான்.

சாங்கி விமான நிலையத்தில் 2024 செப்டம்பர் முதல் கடப்பிதழை எடுக்காமலே, முகத்தையும் கருவிழியையும் காட்டிக் குடிநுழைவைக் கடக்க முடிகிறது. அதற்காகக் கடப்பிதழை வீட்டில் வைத்துவிட்டுப் போக முடியாது; மறுகரையில் இறங்கும் நாடு கேட்கும். பதினைந்தில் பிள்ளையின் ரேகையும் கருவிழியும் அரசாங்கப் பதிவேட்டில் ஏறும், பதினாறைத் தாண்டினால் பத்தாண்டுக் கடப்பிதழ் கைக்கு வரும். பெண் பிள்ளைகளுக்கு அந்த வயதில் முகம் பெரும்பாலும் அமைந்திருக்கும். ஆண் பிள்ளைகளின் கீழ்த்தாடையோ பதினெட்டைத் தாண்டியும் வளர்வதுண்டு. பதினாறில் படமெடுத்த மீசை முளைக்காத பையன் இருபத்தைந்திலும் அதே கடப்பிதழோடு கேமரா முன் நிற்பான். அடையாளம் தெரியாத அளவுக்கு முகம் மாறியிருந்தால், காலாவதிக்குக் காத்திராமல் அவனுக்குப் புதிய படத்தோடு புதுக் கடப்பிதழ் எடுத்துவிடலாம்.