எல்லோரும் உண்ட பின்...



வட இந்தியக் குடும்பமொன்றின் இராச் சாப்பாட்டு நேரத்தைச் சற்று மனக்கண்முன் கொண்டுவாருங்கள். பருப்பும் கறியும் தயார். ஆனால், சப்பாத்தியை முன்கூட்டியே சுட்டு வைப்பதில்லை. அது உப்பிய சூட்டோடு தட்டுக்கு வந்தால்தான் ருசி. ஆகவே வீட்டார் உட்கார்ந்து உண்ண, இல்லத்தரசி அடுப்படியில் நின்று ஒவ்வொன்றாகச் சுட்டு அனுப்புகிறாள். மாமனார், கணவன், பிள்ளைகள் எல்லோரும் கை கழுவிய பின்னர்தான் அவளது முறை வருகிறது. அவளுக்குச் சூடாகச் சுட்டுக் கொடுக்க அங்கே யாருமில்லை!

மத வேறுபாடின்றிப் பல வீடுகளில் காணப்படும் வழக்கம் இது. யாரும் அவளை வெறுப்பதில்லை, கவனிப்பதில்லை, அவ்வளவுதான்.

அவளது நாள் வைகறையிலேயே தொடங்குகிறது. குறித்த நேரத்தில் மட்டும் குழாயில் தண்ணீர் வரும் ஊர்களில், அதைப் பிடித்து நிரப்பிவிட வேண்டும். பிறகு தேநீர், பிள்ளைகளின் பாடசாலைச் சாப்பாடு, கணவனின் மதிய உணவுப் பெட்டி, துணி துவைத்தல், மாலையில் மீண்டும் தேநீர், மீண்டும் சமையல்.

வசதிகள் கூடவில்லையா? கூடியுள்ளன. ஏழைப் பெண்களுக்குச் சமையல் எரிவாயு இணைப்பு வழங்கும் 'உஜ்வலா' திட்டம் 2016இல் தொடங்கப்பட்டது. இலட்சக்கணக்கான வீடுகளில் விறகுப் புகை குறைந்தது. ஆனால் வேலையைப் பங்குபோட யாரும் முன்வந்தார்களா?

இந்திய அரசு 2019இல் நடத்திய நேரப் பயன்பாட்டு ஆய்வில், வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்களும், ஆண்கள் 97 நிமிடங்களும் செலவிட்டதாகத் தெரியவந்தது. 2024ஆம் ஆண்டின் ஆய்வில் இது முறையே 289, 88 நிமிடங்கள். கணக்கிட்டுப் பாருங்கள். இடைவெளி 202 நிமிடங்களாக இருந்து 201 ஆகியுள்ளது. ஐந்தாண்டுகளில் ஒரேயொரு நிமிடம்! அடுப்பு மாறியது; ஆண்கள் மாறவில்லை.

நபி (ஸல்) அவர்கள் வீட்டில் என்ன செய்வார்கள் என்று அன்னை ஆயிஷா (ரழி) அவர்களிடம் கேட்கப்பட்டது. தம் குடும்பத்தாரின் வேலைகளில் ஈடுபட்டிருப்பார்கள், தொழுகை நேரம் வந்ததும் புறப்பட்டுவிடுவார்கள் என அன்னையவர்கள் பதிலளித்த செய்தி ஸஹீஹுல் புகாரியில் உள்ளது. செருப்பையும் ஆடையையும் தாமே தைத்துக்கொண்டதாக வேறு அறிவிப்புகளும் கூறுகின்றன. உம்மத்தின் பொறுப்பனைத்தையும் சுமந்த தோள்களுக்கு வீட்டு வேலை இழுக்காகத் தோன்றவில்லை.

நாம் பின்பற்றும் ஷாபிஈ மத்ஹபின்படி, சமைப்பதும் துவைப்பதும் மனைவி மீது கடமையல்ல. அவை அவள் மனமுவந்து செய்யும் உபகாரம் என்றே இமாம் நவவி (ரஹ்) அவர்கள் விளக்குகிறார்கள். உபகாரத்தை உரிமையாக எண்ணி அதட்டிக் கேட்பது எவ்வளவு பெரிய தவறு!

சகோதரர்களே! இந்திய வீட்டைக் குறைகூறி முடித்துவிட வேண்டாம். நமக்குச் சோறுதான் உணவு. ஒரே பானையில் ஆக்கி, எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து உண்ண எந்தத் தடையும் இல்லை. அப்படியிருந்தும் நம் வீட்டில் கடைசியாக, சட்டியின் அடியில் மிஞ்சியதை உண்பவர் யார்? இன்றிரவு குசினிப் பக்கம் திரும்பி, "வாங்க, ஒன்றாகச் சாப்பிடுவோம்" என்று அழைத்துப் பாருங்கள். உண்ட தட்டை நீங்களே கழுவுங்கள். உங்கள் மகன் அதைப் பார்க்கட்டும். நாளை அவனும் ஒரு வீட்டின் தலைவனாவான் அல்லவா?

வல்ல அல்லாஹ் நம் இல்லங்களை அன்பாலும் கருணையாலும் நிரப்புவானாக! ஆமீன்.