மூலபாடமும் இடைச்செருகலும்

பண்டிதனுக்கும் றெகே இசைக்கும் என்ன உறவு என்று சிலர் நகைக்கலாம். நகைக்கட்டும். பாடபேதம் ஆராய்ந்தே நரைத்துப்போன என்னை, ஜமெய்க்கா நாட்டு இசைத்தட்டொன்று சில மாதங்களாக விடாது பற்றியிருக்கிறது. 1973 இல் வெளிவந்த 'கச் எ ஃபயர்' என்பது அதன் பெயர். பொப் மார்லி, பீற்றர் ரொஷ், பன்னி லிவிங்ஸ்ரன் ஆகியோரின் 'வெயிலர்ஸ்' குழுவினர் பாடியது.

பாடல்கள் 1972 இல் கிங்ஸ்ரன் நகரிலே பதிவாயின. ஒலிநாடாக்கள் பின்னர் இலண்டன் சென்றன. ஐலண்ட் நிறுவனத்துக் கிறிஸ் பிளாக்வெல், ரொக் இசையிலே பழகிய செவிகளுக்கும் இவை இனிக்கவேண்டும் எனக் கருதி, வெயின் பேர்க்கின்ஸ் என்னும் அமெரிக்கரின் கிற்றாரையும் ஜோன் பண்ட்ரிக்கின் கீபோட் வாசிப்பையும் சேர்ப்பித்தார். உலகம் கேட்டது இந்த இலண்டன் பாடத்தையே. கிங்ஸ்ரன் மூலபாடம் 2001 இலேதான் இறுவட்டாக வெளிவந்தது; முன்னர் விடுபட்ட இரு பாடல்களும் அதில் உள்ளன.

இவ்விரண்டையும் ஒப்புநோக்க நல்ல ஒலிக்கருவி வேண்டும். இதனை ஆடம்பரம் என்று எண்ணற்க. றெகேயிலே மெட்டின் பெரும்பகுதியைச் சுமப்பது தாழ்சுருதிக் கிற்றார். அதன் மிகத் தாழ்ந்த தந்தி வினாடிக்கு ஏறத்தாழ 41 முறையே அதிர்வது. கையடக்கத் தொலைபேசியின் சிறு ஒலிபெருக்கிக்கு அந்நாதம் எட்டாது. அதிலே கேட்பவர் எதுகை மோனைகளை உதறிவிட்டுச் செய்யுள் படித்தவர் ஆவர். அஸ்ரன் பரெற்றின் அக்கிற்றாரும், முதலட்சரத்தை வெறிதே விட்டு மூன்றாவதிலே பாரத்தை இறக்கும் அவர் தம்பி கார்ல்ரனின் தாளமும் பெரிய ஒலிபெருக்கியிலேதான் தம் உருவைக் காட்டின.

அடிமை வணிகத்தைச் சாடும் 'ஸ்லேவ் டிறைவர்' (இசைத்தட்டின் பெயர் இப்பாட்டிலிருந்தே பிறந்தது) மூலபாடத்திலேயே கனதியாக நிற்கிறது. அதன் சினத்துக்கு அணிகலன் வேண்டியதில்லை. 'கொங்கிறீற் ஜங்கிள்' அவ்வாறன்று. நகரச் சேரியின் விலங்கிட்ட வாழ்வைச் சொல்லும் அப்பாட்டின் நடுவே பேர்க்கின்ஸின் கிற்றார் விம்மி எழுகிறது. இத்தனைக்கும் அவர் றெகேயை அறியாதவராகவே ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வந்தவர்! இடைச்செருகல் என்றாலே கத்தரிக்கோலைத் தேடும் எனக்கு, அஃதில்லாத கிங்ஸ்ரன் பாடம் வறிதாகத் தோன்றுகிறது. இலண்டனிலே தாழ்சுருதியை அடக்கிவிட்டனர் என்றே என் செவிக்குப் படுகிறது. அதைத்தான் பொறுக்க முடியவில்லை. புதியதைக் கூட்டப் பழையதை ஏன் ஒடுக்கவேண்டும்?

கேட்க விரும்புவோர் 2001 ஆம் ஆண்டுப் பதிப்பைத் தேடி, கிங்ஸ்ரன் பாடத்தை முதலிலும் இலண்டன் பாடத்தைப் பின்னரும், 'கொங்கிறீற் ஜங்கிளை' மாத்திரம் மாறிமாறியும் கேட்பாராக.