துரத்தாத போலீஸ் வண்டி! - மூன்று சக்கர ரோந்தின் 90 ஆண்டுக் கதை

போலீஸ் வண்டி என்றதும் சைரன் அலற, விளக்கு சுழல, திருடனைத் துரத்திப் பறக்கும் கார்தான் நம் கண்முன் வரும். ஆனால், நகரத்தில் ரோந்து போகும் ஒரு போலீஸ்காரரின் வேலை பெரும்பாலும் அப்படி இருக்காது. பத்தடி போக வேண்டும், நிற்க வேண்டும், பார்க்க வேண்டும், மறுபடியும் பத்தடி போக வேண்டும். இதற்குக் கார் பெரிது. பைக் என்றால் ஒவ்வொரு நிறுத்தத்திலும் காலை ஊன்ற வேண்டும். நடந்தே போனால் நாலு தெருவுக்குள் கால் வலி எடுத்துவிடும்.

இந்த இடைவெளியில் புகுந்ததுதான் மூன்று சக்கர ரோந்து வண்டி. அமெரிக்காவில் இதற்கு 90 ஆண்டுகளுக்கும் மேலான வரலாறு உண்டு.

மெக்கானிக்குக்காகப் பிறந்த வண்டி

1932-ல் ஹார்லி-டேவிட்சன் நிறுவனம் 'சர்வி-கார்' என்ற வண்டியைக் கொண்டுவந்தது. முன்னால் பைக், பின்னால் இரண்டு சக்கரம், அதன்மேல் ஒரு பெட்டி. போலீஸை மனதில் வைத்துச் செய்த வண்டி அல்ல இது. கார் மெக்கானிக்குகளுக்காகச் செய்தது.

அந்தக் காலத்தில் ரிப்பேர் முடிந்த காரை வீட்டில் கொண்டுபோய் விட இரண்டு ஆட்கள் தேவைப்பட்டார்கள். ஒருவர் காரை ஓட்ட, இன்னொருவர் அவரைத் திரும்ப அழைத்துவர வேறு வண்டியில் பின்னாலேயே போவார். சர்வி-காரை காரின் பின்பக்க பம்பரில் மாட்டி இழுத்துக்கொண்டே போகலாம். காரை ஒப்படைத்ததும் கழற்றி, அதிலேயே ஏறி ஷெட்டுக்குத் திரும்பிவிடலாம். இரண்டு பேர் வேலையை ஒருவரே முடித்துவிடுவார். பொருளாதாரப் பெருமந்தம் வாட்டிய காலத்தில் அது பெரிய மிச்சம்.

போலீஸ் துறைகளுக்கு இந்த வண்டி பிடித்துப்போக வேறு காரணம் இருந்தது. நின்றால் சாயாது. எவ்வளவு மெதுவாக வேண்டுமானாலும் ஓட்டலாம். ரிவர்ஸ் கியர் உண்டு. வயர்லெஸ் கருவி, ரசீதுப் புத்தகம் எல்லாவற்றையும் பின்பெட்டியில் போட்டுக்கொள்ளலாம். 1964-ல் இதற்கு எலெக்ட்ரிக் ஸ்டார்ட் வந்தது. ஹார்லியின் பெரிய பைக்குகளுக்கே அந்த வசதி அடுத்த ஆண்டுதான் கிடைத்தது. நாள் முழுக்க நிறுத்தி நிறுத்திக் கிளப்பும் வண்டிக்குத்தானே அது முதலில் தேவை! 1973 வரை சர்வி-கார் தயாரிப்பில் இருந்தது.

ஒரு சாக்பீஸ் கோடு

சர்வி-கார் அதிகம் பார்த்த வேலை, பார்க்கிங் கண்காணிப்பு. 'இரண்டு மணி நேரம் மட்டும்' என்ற போர்டு உள்ள தெருவில் போலீஸ்காரர் மெதுவாக வண்டியை ஓட்டிக்கொண்டே, நீண்ட குச்சியில் மாட்டிய சாக்பீஸால் ஒவ்வொரு கார் டயரிலும் ஒரு கோடு போடுவார். சீட்டைவிட்டு இறங்க வேண்டியதில்லை. இரண்டு மணி நேரம் கழித்து வரும்போதும் கோடு அதே இடத்தில் இருந்தால், கார் நகரவில்லை என்று அர்த்தம். அபராதச் சீட்டு நிச்சயம்.

பல தலைமுறைகளாக யாரும் கேள்வி கேட்காத இந்தக் கோடு, பின்னாளில் நீதிமன்றப் படி ஏறியது. மிச்சிகன் மாநிலம் சாகினா நகரில் 2014 முதல் 2017 வரை 15 அபராதச் சீட்டுகள் வாங்கிய ஒரு பெண், 'என் அனுமதி இல்லாமல் என் காரில் கோடு போடுவது சோதனை போடுவதற்குச் சமம்' என்று வழக்கு போட்டார். 2019-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. ஆனால், 2022-ல் கலிஃபோர்னியாவின் சான் டியகோ நகரம் தொடர்பான வழக்கில், இன்னொரு மேல்முறையீட்டு நீதிமன்றம் கோடு போடலாம் என்று தீர்ப்பு சொன்னது. ஒரே நாட்டில், ஒரே சாக்பீஸுக்கு இரண்டு தீர்ப்புகள்!

திருப்பத்தில் கவனம்

ஆட்டோவில் வேகமாக ஒரு வளைவில் திரும்பிய யாருக்கும் மூன்று சக்கரத்தின் பலவீனம் தெரியும். முன்னால் ஒற்றைச் சக்கரம் உள்ள வண்டியில், திரும்பும்போதே பிரேக் போட்டால் எடை முன்மூலைக்குச் சாயும். அங்கே தாங்க சக்கரம் இல்லை. அதனால், இவை மெதுவான வேலைக்கே பொருத்தம்.

ஓட்டுபவரின் சிரமமும் உண்டு. நியூயார்க் போலீஸில் பார்க்கிங் பணிக்கும் பூங்கா ரோந்துக்கும் நீண்ட காலம் மூன்று சக்கர ஸ்கூட்டர்கள் ஓடின. 2016 வாக்கில் அவற்றின் இடத்துக்கு இரண்டு பேர் அமரும் குட்டி 'ஸ்மார்ட்' கார்கள் வரத் தொடங்கின. ஏசி, ஏர்பேக் எல்லாம் இருந்தும் விலை அந்த ஸ்கூட்டரைவிடக் குறைவு என்பது முக்கியக் காரணம். வெயிலிலும் குளிரிலும் எட்டு மணி நேரம் சுற்றுபவருக்கு ஏசி ஆடம்பரம் இல்லையே!

நின்றபடி ஒரு ரோந்து

அதற்காக மூன்று சக்கரம் காணாமல் போய்விடவில்லை. வேறு வடிவம் எடுத்தது. 2006-ல் கலிஃபோர்னியாவில் தொடங்கிய 'டி3 மோஷன்' நிறுவனம், நின்றுகொண்டே ஓட்டும் எலெக்ட்ரிக் வண்டியைக் கொண்டுவந்தது. விமான நிலையம், ஷாப்பிங் மால், கல்லூரி வளாகம் போன்ற இடங்களில் அது இடம் பிடித்தது. உயர்ந்த மேடையில் நிற்பதால் காவலரின் தலை கூட்டத்துக்கு மேலே தெரியும். தொலைந்த குழந்தையை அவரும் தேடலாம். உதவி தேவைப்படுபவரும் அவரைத் தூரத்திலிருந்தே கண்டுகொள்ளலாம். நடுவில் கண்ணாடியோ கதவோ இல்லாததால் வழி கேட்கவும் தயக்கம் வராது. சார்ஜ் தீர்ந்தால் பேட்டரியை மாற்றிக்கொண்டு கிளம்பலாம்.

2001-ல் அறிமுகமாகிப் பரபரப்பைக் கிளப்பிய 'செக்வே' இரண்டு சக்கர வண்டி. நேராக நிற்க அதற்கு மோட்டார் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். அந்த நிறுவனமே பிறகு போலீஸுக்கென்று மூன்று சக்கர மாடலைத் தயாரித்தது. இரண்டு சக்கர செக்வேயின் தயாரிப்பு 2020-ல் நின்றது.

இன்று பல நகரங்களில் பார்க்கிங் ரோந்து வண்டிகளில் சாக்பீஸுக்குப் பதிலாக நம்பர் பிளேட்டைப் படிக்கும் கேமரா வந்துவிட்டது. டயரைத் தொட வேண்டியதே இல்லை. ஆனால், தப்பே செய்யாத கார்களும் எந்த நேரத்தில், எந்தத் தெருவில் நின்றன என்பதும் பதிவாகிவிடுகிறது. சாக்பீஸ் கோடு ஒரு மழையில் அழிந்துவிடும். கேமராவின் பதிவை எத்தனை நாள் வைத்திருக்கலாம், யார் பார்க்கலாம் என்பதை வண்டி வாங்கும்போதே அந்த நகரம் முடிவு செய்ய வேண்டும்.