12 கோடிப் பேருக்கு 18 கோடி பக்தர்கள்: ஜப்பானின் மதக் கணக்கு

ஜப்பான் அரசின் கலாச்சாரத் துறை வருஷாவருஷம் மதங்களைப் பற்றி ஒரு ஆண்டேடு வெளியிடுகிறது. 2021 டிசம்பர் 31 நிலவரப்படி அதில் உள்ள கணக்கு இது:

ஷிண்டோ – சுமார் 8.72 கோடி
பௌத்தம் – சுமார் 8.32 கோடி
கிறிஸ்தவம் – சுமார் 20 லட்சம்
மற்றவை – சுமார் 71 லட்சம்

கூட்டிப் பாருங்கள், 17.95 கோடி வரும். அந்த வருஷம் ஜப்பானின் மக்கள்தொகையோ 12.55 கோடிதான்!

முதல் தடவை பார்த்தபோது, எங்கேயோ ஒரே வரி இரண்டு முறை ஏறிவிட்டது என்றுதான் நினைத்தேன். நாள் முழுக்க டேட்டாபேஸோடு மல்லுக்கட்டுகிற ஆளுக்கு வேறென்ன தோன்றும்? கொஞ்சம் தோண்டியபிறகுதான் புரிந்தது, டேட்டாவில் தப்பில்லை. "ஒரு ஆளுக்கு ஒரு மதம்" என்று நான் மனசுக்குள் போட்டு வைத்திருந்த விதிதான் தப்பு.

யார் எண்ணுகிறார்கள்?

அந்தத் துறை வீடு வீடாகப் போய் "உங்க மதம் என்ன?" என்று கேட்பதில்லை. மத அமைப்புகளிடம் கேட்கிறது. அவரவர் தங்கள் கணக்கைச் சொல்கிறார்கள்.

ஷிண்டோ கோயிலுக்கு ஜின்ஜா என்று பெயர். ஒவ்வொரு ஜின்ஜாவுக்கும் ஒரு எல்லை உண்டு. அந்த எல்லைக்குள் குடியிருப்பவர்கள் அங்கே உறையும் தெய்வத்தின் 'உஜிகோ', அதாவது அந்தத் தெய்வத்தின் பிள்ளைகள். பல ஜின்ஜாக்கள் இந்த அடிப்படையில்தான் கணக்குச் சொல்கின்றன. வீடு மாற்றிப் போனால் தெய்வமும் மாறும். தான் இந்தக் கணக்கில் இருப்பதே பலருக்குத் தெரியாது.

பௌத்தக் கோயிலுக்கு தேரா என்று பெயர். இங்கே கணக்கு குடும்பவாரி. பரம்பரையாக ஒரு கோயிலோடு சேர்ந்த குடும்பம் 'டாங்கா'. குடும்பக் கல்லறை அந்தக் கோயில் வளாகத்தில் இருக்கும், திதி கொடுப்பது அங்கே, கோயில் பராமரிப்புக்குப் பணம் தருவதும் இவர்கள்தான்.

ஆக, ஒரு ஆள் குடியிருக்கும் இடத்தால் ஷிண்டோ, குடும்பக் கல்லறையால் பௌத்தம். இரண்டு பட்டியலிலும் அவர் பெயர். அவரையே நேரில் கேட்டால்? புள்ளியியல் கணித நிறுவனம் 1953 முதல் ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை நடத்தும் ஆய்வில், 2013ல் "நம்பிக்கை உண்டு" என்றவர்கள் 28 சதவீதம். மீதிப் பேர் இல்லை என்றுவிட்டார்கள்!

பிறப்புக்கு ஒன்று, இறப்புக்கு ஒன்று

நடைமுறையில் எப்படி என்று பார்ப்போம். குழந்தை பிறந்து ஒரு மாதம் ஆனதும் ஜின்ஜாவுக்குத் தூக்கிக்கொண்டு போவார்கள். மூன்று, ஐந்து, ஏழு வயதில் மறுபடி ஒரு விழா. புத்தாண்டில் முதல் கும்பிடும் பெரும்பாலும் அங்கேதான். சாவு விழுந்தால் பெரும்பாலானவர்கள் கூப்பிடுவது பௌத்த துறவியை. இறந்தவருக்குப் புதுப் பெயர் வைப்பதும், ஓபோன் பண்டிகையில் முன்னோரை வரவேற்பதும் பௌத்த வழி.

இந்தப் பிரிவுக்கு ஒரு காரணம் தீட்டு. ஜப்பானியச் சொல் 'கெகாரே'. ஷிண்டோ தெய்வமான 'காமி'க்குச் சாவுத் தீட்டு ஆகாது. பழைய பாணி வீடுகளில் காமிக்கு ஒரு மாடமும், முன்னோருக்கு ஒரு புத்தர் பீடமும் இருக்கும். வீட்டில் யாராவது இறந்தால், காமி மாடத்தின் முகப்பை வெள்ளைத் தாளால் மூடிவிடுவார்கள்.  பௌத்தம் சாவைக் கண்டு ஒதுங்காத மதம் என்பதால் அந்த வேலை அதற்குப் போனது.

அதற்காக எல்லாமே ஆதிகாலத்து வழக்கம் என்று நினைத்துவிட வேண்டாம். இன்று 'பாரம்பரியம்' என்று சொல்லப்படும் ஷிண்டோ கல்யாணம் பரவியது, 1900ல் பட்டத்து இளவரசர் யோஷிஹிதோவின் திருமணத்துக்குப் பிறகுதான். குடும்பம் குடும்பமாக தேராவில் பதிவு செய்தது 17ஆம் நூற்றாண்டு ஏற்பாடு. கிறிஸ்தவத்தைத் தடை செய்த தொகுகாவா ஆட்சி, "இவர் கிறிஸ்தவர் இல்லை" என்று ஒவ்வொருவருக்கும் தேராவிடம் சான்று வாங்கச் சொன்னது. பக்தி இருக்கிறதோ இல்லையோ, பதிவேட்டில் பெயர் இருக்கணும். இன்றைய 8.32 கோடியின் வேரில் பெரிய பகுதி அந்தப் பதிவேடுதான்.

ஆயிரம் வருஷ சகவாசம்

பௌத்தம் ஜப்பானுக்கு 6ஆம் நூற்றாண்டில் கொரியாவின் பேக்சே அரசு வழியாக வந்தது. ஆரம்பத்தில் அரசவையில் சண்டை. ஆனால் சீக்கிரமே காமிகளும் புத்தர்களும் பக்கத்து வீட்டுக்காரர்கள் ஆகிவிட்டார்கள். 749ல் நாராவில் பெரிய புத்தர் சிலை வேலைக்குத் துணை நிற்க, உசா என்ற ஊரிலிருந்து ஹாச்சிமான் என்ற காமியை ஊர்வலமாக அழைத்து வந்தார்கள். பின்னாளில் அவருக்கு 'மகா போதிசத்துவர்' பட்டமும் கிடைத்தது. மொட்டைத் தலையும் துறவி உடையுமாக ஹாச்சிமான் சிலைகள் இன்றும் உள்ளன.

காலப்போக்கில் இதற்கு ஒரு தத்துவமும் வந்தது: புத்தர்களும் போதிசத்துவர்களும் மூலம், காமிகள் அவர்கள் ஜப்பானில் எடுத்த வடிவம். சூரிய தெய்வம் அமதெராசுவும் வைரோசன புத்தரும் ஒன்று. ஜின்ஜா வளாகத்துக்குள் தேரா, தேராவுக்குள் ஜின்ஜா என்பது சாதாரண காட்சி ஆனது.

எல்லாம் கலந்து கூழாகிவிட்டது என்றும் சொல்ல முடியாது. 927ல் தொகுக்கப்பட்ட எங்கிஷிகி என்ற சட்டத் தொகுப்பைப் பாருங்கள். அமதெராசுவின் இசே கோயில் சேவைக்கு அனுப்பப்பட்ட அரச குலப் பெண்ணின் இல்லத்தில் பௌத்தச் சொற்களைச் சொல்லக் கூடாது. சூத்திரத்தை 'சாயம் தோய்த்த தாள்' என்று சொல்லணும். மொட்டையடித்த துறவியை 'நீளமுடிக்காரர்' என்று சொல்லணும்! எல்லைக்கோடு இருந்தது. ஆனால் அது இடத்துக்கும் நேரத்துக்கும் போட்ட கோடு, ஆளை இரண்டாகப் பிரித்த கோடு அல்ல.

1868: கோடு கிழித்த அரசு

மெய்ஜி அரசு வந்ததும் நிலைமை மாறியது. பேரரசரை மையமாக வைத்து நாட்டைக் கட்ட 'சுத்தமான' ஷிண்டோ வேண்டியிருந்தது. 1868ல் காமியையும் புத்தரையும் பிரிக்க ஆணை வந்தது. பிரிக்கச் சொன்னதைச் சிலர் உடைக்கச் சொன்னதாகவே எடுத்துக்கொண்டார்கள். சத்சுமா பகுதியில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட தேராக்கள் ஒழிக்கப்பட்டன. காமாகுராவின் ஹாச்சிமான் கோயிலில் பௌத்தக் கட்டடங்களை இடித்தார்கள்.

இதில் என்னை மிகவும் பாதித்தது பிவா ஏரியில் உள்ள சிக்குபு தீவின் கதை. அங்கே இருப்பவள் பென்சைதென். நமக்குத் தெரிந்தவள்தான், சரஸ்வதி! பௌத்த சூத்திரங்களோடு சீனா வழியாக ஜப்பான் போய்ச் சேர்ந்தவள். இந்தியாவில் பிறந்து, பௌத்தத்தோடு வந்து, ஜப்பானியர்கள் காமியாகவும் கும்பிடும் ஒருத்தியை எந்தப் பட்டியலில் சேர்ப்பது?

அதிகாரிகள் இதை ஜின்ஜா ஆக்கச் சொன்னார்கள். தேரா தரப்பு எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை. கடைசியில் தீவையே பங்கு பிரித்தார்கள். பென்சைதென்னின் பழைய மண்டபம் சுகுபுசுமா ஜின்ஜாவுக்குப் போனது. சரஸ்வதி ஹோகோன்ஜி என்ற தேராவோடு நின்றாள். அவளுக்கென்று புது மண்டபம் எழும்பியது 1942ல்தான்.

சேர்த்துக்கொள்வதின் மறுபக்கம்

இதுவரை படித்தால் "எவ்வளவு அழகான மத இணக்கம்!" என்று தோன்றும். எனக்கும் தோன்றியது, ஒரு வழக்கைப் படிக்கும்வரை.

1968ல் தற்காப்புப் படை வீரர் ஒருவர் பணியின்போது சாலை விபத்தில் இறந்தார். மனைவி கிறிஸ்தவர். 1972ல் அவர் சம்மதம் இல்லாமலே கணவரை யமகுச்சியில் உள்ள ஒரு ஜின்ஜாவில் காமியாக ஏற்றினார்கள். ஏற்பாடு செய்தது முன்னாள் வீரர்கள் சங்கம், உதவியது படையின் உள்ளூர் அலுவலகம். அவர் வழக்குப் போட்டார். கீழ் நீதிமன்றங்கள் இரண்டிலும் ஜெயித்தார். 1988ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பை மாற்றியது. மற்றவர்களின் மதச் செயலையும் அவர் சகித்துக்கொள்ள வேண்டும் என்பது அதன் சாரம்.

இரண்டு பட்டியலில் இருப்பதில் சிக்கல் இல்லாதவருக்கு இந்த ஏற்பாடு வசதிதான். "எனக்கு ஒன்றே ஒன்று போதும், மற்றதில் என் பெயரும் வேண்டாம், என் வீட்டுக்காரர் பெயரும் வேண்டாம்" என்பவருக்கு அதே தாராளம் கழுத்தை நெரிக்கிறது. கேட்காமலே சேர்த்துக்கொள்வதும் ஒருவகை அதிகாரம் இல்லையா? 17ஆம் நூற்றாண்டில் தேரா பதிவேட்டை வைத்து அரசு செய்ததும் கிட்டத்தட்ட இதுதான்.

எனவே 17.95 கோடி என்ற எண்ணைப் பிழை என்றும் சொல்ல மாட்டேன், பெருமை என்றும் சொல்ல மாட்டேன். மதம் ஆளோடு ஒட்டாமல் ஊரோடும் குடும்பத்தோடும் சந்தர்ப்பத்தோடும் ஒட்டியிருக்கும் சமூகத்தின் கணக்கு அது. அந்தப் பட்டியலில் யார் தானாக வந்தவர், யாரைக் கேட்காமல் எழுதினார்கள் என்பது மட்டும் அந்த அட்டவணையில் கிடைக்காது.

சிக்குபு தீவில் தேராவின் கண்ணன் மண்டபத்திலிருந்து ஜின்ஜாவுக்குப் போக, கூரை போட்ட பழைய மரத் தாழ்வாரம் ஒன்று உண்டு. (கண்ணன் என்றால் நம்ம கிருஷ்ணன் இல்லை, அவலோகிதேஸ்வரருக்கு ஜப்பானியப் பெயர்.) பங்கு பிரித்தபோது அதை யாரும் இடிக்கவில்லை. இன்றும் போகிறவர்கள் தேராவில் கும்பிட்டுவிட்டு அதன் வழியே நடந்து ஜின்ஜாவுக்குப் போகிறார்கள். நடுவில் எந்த இடத்தில் மதம் மாறினோம் என்று அவர்களைக் கேட்டால், கேள்வியே புரியாது என்றுதான் நினைக்கிறேன்.